பெரட்டுக்கு முந்தைய நேரம்

வானொலியில் என்னால் உச்சரிக்க முடியாத பெயர் கொண்ட ஒரு தமிழ்ப் படம் இருக்கிறது. 'பீ' என்பதுதான் அந்தப் பெயர். ஞாயிற்றுக்கிழமை காலையில் பசியாறிக்கொண்டே இந்தப் பக்கத்தைப் புரட்டும் உங்களிடம் இதைச் சொல்வதற்குக் கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது. ஆனால் பெயரைக் கேட்டதும் முகம் திரும்பும் அல்லவா, அந்த முகத்தைப் பிடித்து இந்தப் பக்கம் திருப்புவதற்காகவே எடுத்த படம் அது.

எடுத்தவர் மதுரையைச் சேர்ந்த ஆவணப்பட இயக்குநர் ஆர்.பி.அமுதன். ஆண்டு 2003. அரை மணி நேரத்துக்கும் குறைவான படம். மதுரையில் ஒரு தெரு. மக்கள் திறந்த வெளியில் கழித்துவிட்டுப் போவதைத் துப்புரவுத் தொழிலாளியான மாரியம்மாள் சுத்தம் செய்கிறார். வேலை செய்துகொண்டே பேசுகிறார். கதை அவ்வளவுதான். மனிதக் கழிவை மனிதர் அள்ளும் வேலையை இந்தியா 1993-லேயே சட்டம் போட்டுத் தடை செய்துவிட்டது. சட்டம் வந்து பத்து ஆண்டுகள் ஆன பிறகு எடுக்கப்பட்ட படம் இது. தடை காகிதத்தில் இருந்தது. துடைப்பம் மாரியம்மாள் கையில் இருந்தது.

இந்தப் படத்தை நான் முதன்முதலில் பார்த்தது கோலாலம்பூரில் ஊடகவியல் படித்துக்கொண்டிருந்த காலத்தில். அதுவரை ஆவணப்படம் என்றால் என் மனத்தில் ஓர் அச்சு இருந்தது. கனத்த குரலில் ஒருவர் வரலாறு சொல்வார். நடுநடுவே ஆண்டுகள் வரும். பழைய கறுப்பு வெள்ளைப் படங்கள் மெல்ல நகரும். கடைசியில் ஒரு சோகமான புல்லாங்குழல். உழைப்பாளியைப் பற்றிய படம் என்றால் இரண்டு புல்லாங்குழல். அமுதனின் படம் என்னை அந்த அச்சிலிருந்து வெளியே இழுத்துப் போட்டது. ஒரு வேலை எப்படி நடக்கிறது, எவ்வளவு நேரம் எடுக்கிறது, அதைச் செய்கிறவர் அதைப் பற்றி என்ன நினைக்கிறார் என்பதைத்தான் அந்தப் படத்தில் பார்த்தேன்.

அமுதன் தொடர்ந்து இந்தப் பாதையிலேயே போனவர். திருச்சியில் கையால் செருப்புத் தைக்கும் அருந்ததியர் கிறிஸ்தவக் குடும்பங்களைப் பற்றி 2006-இல் 'செருப்பு' எடுத்தார். திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலைப் பற்றி 'டாலர் சிட்டி' எடுத்தார். 1998 முதல் மதுரையில் ஆவணப்பட, குறும்பட விழாவையும் நடத்தி வருகிறார். அவர் படங்களில் ஒரே கேள்விதான் வேறு வேறு ஊரில், வேறு வேறு தொழிலில் திரும்பத் திரும்ப வருகிறது: இந்த வேலையை ஏன் இவர் மட்டும் செய்கிறார்?

சென்ற ஆண்டு ஒரு விடுமுறைக்குச் சுங்கைப்பட்டாணி வீட்டுக்குப் போயிருந்தபோது, இந்தப் படத்தை அம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். அம்மா பீடோங் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் இருபத்து நான்கு ஆண்டுகள் பால்மரம் வெட்டியவர். தொண்ணூறுகளின் நடுவில் தோட்டம் வீடமைப்புக்கு விற்கப்பட்டதும், நாங்கள் சுங்கைப்பட்டாணியில் ஒரு மலிவு விலை வீட்டுக்கு வந்தோம். அதன்பிறகு அவர் குத்தகை நிறுவனம் ஒன்றின் கீழ்த் துப்புரவு வேலை பார்த்தார். குத்தகை கைமாறும்போதெல்லாம் புதிதாகச் சேர்ந்தவர்போல மறுபடி முதலிலிருந்து. எத்தனை ஆண்டு பார்த்தாலும் அனுபவம் கணக்கில் ஏறாத வேலை அது. ஆக, உளி, துடைப்பம் இரண்டையும் அறிந்தவர்.

அம்மா அழுவார் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. கண்ணாடியை மூக்கில் நன்றாக ஏற்றிக்கொண்டு, ஒரு சமையல் நிகழ்ச்சியைப் பார்ப்பதுபோலக் கூர்ந்து பார்த்தார். பிறகு வரிசையாகக் கேள்வி வந்தது.

"இந்தம்மா எத்தன மணிக்கு எந்திரிக்கிறா?"

"தெரியலம்மா."

"கூலி எவ்வளவுன்னு கேட்டானா அந்தத் தம்பி?"

கடைசியில் ஒரு கேள்வி கேட்டார். அது இன்னும் என்னைவிட்டுப் போகவில்லை. "எடுத்து முடிச்சதும் முதல்ல அந்தம்மாவுக்குத்தான போட்டுக் காட்டணும்?"

ஊடகவியல் பட்டத்துக்காக மூன்று ஆண்டுகளில் நான் படித்த நெறிமுறைப் பாடம் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தில் இருந்தது.

முதல் கேள்விக்கு வருகிறேன். எத்தனை மணிக்கு எழுந்திருக்கிறார்? தோட்டத்தில் பிறந்தவர்களுக்குத்தான் இந்தக் கேள்வியின் கனம் தெரியும். தோட்டத்து நாள் பெரட்டில் தொடங்கும். இருட்டோடு பெரட்டுக் களத்தில் வரிசையாக நிற்க வேண்டும். கிராணி பெயர் கூப்பிட்டு செக்ரோலில் குறித்துக்கொள்வார். கம்பெனியின் கணக்கில் அன்றைய உழைப்பு அந்த நிமிடத்தில்தான் பிறக்கிறது. ஆனால் அம்மாவின் உழைப்பு அதற்கு இரண்டு மணி நேரம் முன்பே பிறந்துவிட்டது. மூன்றரைக்கு எழுந்து, விறகடுப்பைப் பற்றவைத்து, சோறு வடித்து, எங்களுக்கும் தனக்கும் கட்டிவைத்து, உளியைக் கல்லில் தீட்டி, தூங்குகிற என்னைத் தோளில் போட்டுக்கொண்டு போய் ஆயாக்கொட்டகையில் விட்டுவிட்டுத்தான் களத்துக்கு வருவார். அந்த இரண்டு மணி நேரம் எந்த ஏட்டிலும் இல்லை.

ஆவணப்படம் எதற்கு என்று என்னை யாராவது கேட்டால், இனி இதைத்தான் சொல்வேன். ஏடு தொடங்குவதற்கு முன்பே படம் தொடங்க முடியும். அதற்காகத்தான்.

நம்மைப் பற்றிய ஏடுகள் பெரும்பாலும் நாம் எழுதியவை அல்ல. தோட்டத்தைப் பற்றிப் பழைய காகிதம் தேடினால் கம்பெனி அறிக்கை கிடைக்கும், தொழிலாளர் இலாகா அறிக்கை கிடைக்கும், போலீஸ் அறிக்கை கிடைக்கும். படம் தேடினால் துரையின் பங்களாவும் கிளப்பும் கிடைக்கும். லயத்துக்குள் அடுப்பு எப்படி எரிந்தது என்பதற்குப் படம் தேடித்தான் பார்க்க வேண்டும்.

கெடாவிலேயே நடந்த ஒரு பெரிய கதையை எடுத்துக்கொள்வோம். இரண்டாம் உலகப்போர் முடிந்த கையோடு, பீடோங் ஹார்வர்ட் தோட்டத்தைச் சேர்ந்த ஏ.எம்.சாமி என்பவரின் தலைமையில் தொண்டர் படை என்று ஓர் இயக்கம் இந்த வட்டாரத் தோட்டங்களில் பரவியது. சயாம் மரண இரயில் பாதைக்குப் போய்த் திரும்பாதவர்களுக்காக லயங்கள் அழுதுகொண்டிருந்த காலம் அது. தொண்டர் படை கையில் எடுத்த முதல் பிரச்சினை கள்ளு. தோட்டத்துக் கூலி தோட்டத்துக் கள்ளுக்கடைக்கே திரும்பிப் போவதை நிறுத்தாமல் நாம் தலையெடுக்க முடியாது என்று அவர்கள் கண்டுகொண்டார்கள். கடைகளின் முன் மறியல் செய்தார்கள். அணிவகுத்தார்கள். 1947-இன் முற்பகுதியில் பீடோங்கிலும், கூலிம் வட்டாரத்து டப்ளின் தோட்டத்திலும் போலீசாரோடு மோதல் வந்தது. உயிர்கள் போயின. பலர் சிறைக்குப் போனார்கள். அடுத்த ஆண்டு ஜூன் மாதம் அவசரகாலச் சட்டம் வந்ததும், அப்படிப்பட்ட இயக்கங்களுக்கு நாட்டில் இடமே இல்லாமல் போனது.

அரசாங்க அறிக்கையின் கண்ணுக்கு இது சட்டம் ஒழுங்குப் பிரச்சினை. லயத்திலிருந்து பார்த்தால் வேறு கதை. தன் சம்பள நாள் சாயங்காலத்தைத் தானே மீட்டுக்கொள்ள முயன்ற ஒரு சமூகத்தின் கதை. இரண்டாவது கதையைப் படமாக்க அன்று நம் கையில் கேமரா இல்லை.

கேமரா பிந்தி வந்தாலும் பயன் உண்டு. தஞ்சை மாவட்டத்துக் கீழ்வெண்மணியில் 1968 டிசம்பர் 25 அன்று இரவு, கூலியாகக் கொஞ்சம் கூடுதல் நெல் கேட்டுப் போராடிய விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். அதைப் பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் 'ராமையாவின் குடிசை' என்ற ஆவணப்படத்தை எடுத்தது 2005-இல். கிட்டத்தட்ட முப்பத்தேழு ஆண்டுகள் கழித்து. நம் நாட்டில் ஃபாமி ரேசா 2007-இல் எடுத்த 'செப்புலோ தாஹுன் செபெலும் மெர்டேகா' என்ற மலாய் ஆவணப்படம், 1947 அக்டோபர் 20-இல் நடந்த நாடு தழுவிய கடையடைப்பைப் பேசியது. அறுபது ஆண்டுகளுக்குப் பிந்திய படம். சம்பவத்தைப் பார்த்த கண்கள் சில மிச்சமிருந்ததால்தான் இப்படிப்பட்ட படங்கள் சாத்தியமாகின்றன.

1947-இல் இருபது வயதாக இருந்தவருக்கு இன்று நூறை நெருங்கும் வயது. அந்தக் கண்களை நாம் ஏறக்குறைய இழந்துவிட்டோம். ஆனால் எழுபதுகளிலும் எண்பதுகளிலும் பால்மரம் வெட்டியவர்கள் இன்னும் நம்மோடு இருக்கிறார்கள். சுங்கைப்பட்டாணியிலும் பாடாங் செராயிலும் லூனாசிலும் அடுக்குமாடி வீடுகளின் கீழ்த்தளத்தில், கோயில் திண்ணையில், கிளினிக்கில் எண் எழுதிய சீட்டோடு உட்கார்ந்திருக்கிறார்கள். என் நிகழ்ச்சிக்குத் தொலைபேசியில் அழைப்பவர்களில் பாதிப் பேர் இவர்கள்தாம். பழைய பாட்டு ஒன்றைக் கேட்பார்கள். "இந்தப் பாட்டு எங்க தோட்டத்துத் திரையில போட்டாங்கம்மா" என்று ஆரம்பித்து, எனக்கு நேரம் முடிகிற வரைக்கும் தோட்டத்தைப் பற்றியே பேசுவார்கள். அடுத்த அழைப்பு காத்திருக்கும். விளம்பரம் காத்திருக்கும். வானொலியின் கடிகாரம் அப்படி.

இந்த உரையாடல்களில் நான் கவனித்த ஒன்று உண்டு. தோட்டத்தைப் பற்றி நம் பெரியவர்கள் இரண்டு விதமாகப் பேசுகிறார்கள். ஒன்று, "அந்தக் காலம் மாதிரி வருமா" என்ற இனிப்பு. இன்னொன்று, "ரத்தத்தப் பாலாக் கொடுத்தோம்" என்ற கண்ணீர். மேடைகளிலும் இந்த இரண்டுதான். நடுவில் இருக்கும் வேலை காணாமல் போய்விடுகிறது. ஒரு நாளைக்கு எத்தனை மரம்? மழை பெய்தால் கூலி என்ன ஆகும்? பால் ஸ்டோரில் கிராணி கண்ணாடிக் குழாயை விட்டுப் பாலின் கெட்டியைப் பார்க்கும்போது, அவர் சொல்கிற எண் சரியா என்று யார் சரிபார்ப்பது? இவை கேட்கப்படாத கேள்விகள். இவற்றுக்கான பதிலில்தான் சம்பளமும் மரியாதையும் சங்கமும் சண்டையும் எல்லாம் இருக்கின்றன.

ஆகவே அம்மாவைப் படம் எடுப்பது என்று முடிவு செய்தேன். கையில் இருந்தது ஒரு கைத்தொலைபேசியும் நிலையத்தில் பயன்படுத்தாமல் கிடந்த ஒரு பழைய ஒலிவாங்கியும். தெரிந்தவர் ஒருவருக்குக் கூலிம் போகும் வழியில் கொஞ்சம் ரப்பர் மரங்கள் இருந்தன. அதிகாலையில் கிளம்பலாம் என்றேன். அம்மா பட்டுப் புடவையோடு வந்து நின்றார்.

"என்னம்மா இது? மரம் வெட்டப் போறோம்."

"இருபத்து நாலு வருஷம் கிழிஞ்ச சட்டையோடதான் வெட்டினேன். அத எவனும் படம் எடுக்கல. இப்ப எடுக்குறன்னா நான் நல்லாத்தான் நிப்பேன்."

எனக்குப் பதில் இல்லை. நம்பகமான காட்சி வேண்டும் என்று நான் படித்த பாடம் சொல்கிறது. ஆனால் அந்தக் காட்சி யாருடையது? பட்டுப் புடவை கசங்காமல் இருக்க மேலே ஒரு துண்டைச் சுற்றிக்கொண்டு, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, அம்மா மரத்தை நெருங்கினார். அப்படியே எடுத்தேன்.

கோட்டில் காய்ந்திருந்த ஒட்டுப்பாலை விரலால் இழுத்து உரித்து முந்தானையில் போட்டுக்கொண்டார். உளியை இடப்பக்க மேல் மூலையில் வைத்தார். சரிந்து இறங்குகிற கோட்டைத் தொட்டும் தொடாமலும் ஒரே இழுப்பாக இழுத்தார். பட்டை, பென்சில் சீவிய மாதிரி மெல்லிய சுருளாக விழுந்தது. ஆழம் குறைந்தால் பால் வராது. கூடினால் உளி கட்டையைத் தொட்டு மரத்துக்குக் காயம் படும். அந்த இடத்தில் பட்டை மறுபடி ஒழுங்காக வளராது. மண்டோர் பார்த்தால் ஏச்சு. வெறும் சில மில்லிமீட்டர் கணக்கை, இருட்டில், ஐந்நூறு மரத்தில், ஒவ்வொன்றுக்கும் அரை நிமிடத்தில் சரியாகச் செய்ய வேண்டும். முப்பது ஆண்டுகள் இடைவெளி விட்டும் அந்தக் கை மறக்கவில்லை. பால் கோட்டில் இறங்கி, தகரத்தில் வழிந்து, மங்கில் சொட்டியது.

நம் தாய்மார்கள் செய்தது கூலி வேலை என்று மட்டும் சொல்லிப் பழகிவிட்டோம். அது கைத்தொழில். சான்றிதழ் தராத கைத்தொழில். தோட்டத்தை விட்டு வந்தபோது அம்மாவின் கையில் இருபத்து நான்கு ஆண்டுத் தேர்ச்சி இருந்தது. பட்டணத்தில் அதற்கு எந்த விலையும் இல்லை. 1996-இல் கூலிமில் உயர்தொழில்நுட்பப் பூங்கா திறந்தார்கள். சுங்கைப்பட்டாணியில் தொழிற்சாலைகள் பெருகின. தோட்டத்துப் பிள்ளைகள் தொழிற்சாலைப் பேருந்தில் ஏறினார்கள். தோட்டத்து அம்மாக்களுக்குத் துடைப்பம் மிஞ்சியது. இந்த மாற்றத்தைப் பற்றிப் புள்ளிவிவரம் பேசலாம். ஆனால் அந்த இழுப்பையும் அந்தத் துடைப்பத்தையும் அடுத்தடுத்துக் காட்டினால் போதும், யாரும் விளக்க வேண்டியதில்லை.

கெடாவில் இன்னும் எடுக்கப்பட வேண்டிய படங்கள் இருக்கின்றன. தோட்டத் துண்டாடலுக்கு எதிராக 1960-இல் துன் வீ.தி.சம்பந்தன் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் முதன்முதலில் வாங்கிய தோட்டம் நம் மாநிலத்துப் புக்கிட் சிடிம். பால்மரம் வெட்டியவர்கள் சம்பளத்தில் மிச்சம் பிடித்துப் பங்கு வாங்கி, தாங்கள் வேலை செய்யும் மாதிரியான ஒரு தோட்டத்துக்கே உடைமையாளர்கள் ஆனார்கள். கண்ணீர் மட்டுமே நம் கதை என்கிறவர்களுக்கு அந்தப் படம் ஒரு நல்ல பதிலாக இருக்கும்.

அன்று திரும்பி வரும் வழியில் அம்மா இன்னொன்று சொன்னார். சாலையோரம் செம்பனைக் குலைகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்த இளைஞர்களைக் காட்டி, "என்னைய எடுத்தது போதும். அந்தப் பையனுங்கள எடு. பங்களாவா நேப்பாளமா தெரியல. நாங்க இருந்த மாதிரியேதான் இருக்கானுங்க. காலையில எத்தன மணிக்கு எந்திரிக்கிறானுங்கன்னு கேளு" என்றார்.

நான் அந்த இளைஞர்களை அதுவரை பார்த்ததே இல்லை என்று சொல்லமாட்டேன். தினமும் பார்க்கிறோம். தோட்டத்திலும் தொழிற்சாலையிலும் கட்டுமான இடத்திலும் நாம் விட்டு வந்த இடத்தில் அவர்கள் நிற்கிறார்கள். அவர்களைப் பற்றி நம் வீடுகளில் பேசும் பேச்சு, ஒரு காலத்தில் நம்மைப் பற்றிப் பட்டணத்தில் பேசிய அதே பேச்சு. இந்த வேலையை ஏன் இவர் மட்டும் செய்கிறார் என்ற அமுதனின் கேள்வி நம்மை விட்டுவிட்டு நகர்ந்துவிடவில்லை. இப்போது நாம் வேறு பக்கத்தில் நின்று அதற்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

படத்தை வெட்டித் தொகுத்ததும் அம்மாவுக்குத்தான் முதலில் காட்டினேன். பதினெட்டு நிமிடம். முழுதும் பார்த்துவிட்டு, ஓர் இடத்தை மட்டும் எடுத்துவிடச் சொன்னார். ஒரு நிமிடமும் சில நொடிகளும். தொழில் தெரிந்தவர் யாரும் படத்திலேயே வலுவான பகுதி அதுதான் என்பார்கள். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. வாதாடிப் பார்த்தேன். "அதுல இருக்கிறவங்க எல்லாம் இப்ப வந்து பதில் சொல்ல முடியாது, இல்ல?" என்றார். எடுத்துவிட்டேன். அதில் என்ன இருந்தது என்று இங்கேயும் எழுதவில்லை. படம் இப்போது பதினேழு நிமிடத்துக்கும் குறைவு.

உங்கள் வீட்டிலும் உளி பிடித்த கை ஒன்று இருக்கும். இல்லையென்றால் அண்டை வீட்டில் இருக்கும். கையில் இருக்கிற தொலைபேசியே போதும். "அந்தக் காலம் எப்படி இருந்தது?" என்று கேட்காதீர்கள். அதற்கு மேடைப்பேச்சுதான் பதிலாக வரும். எத்தனை மணிக்கு எழுந்தீர்கள், முதலில் என்ன செய்தீர்கள், அடுத்து என்ன என்று வரிசையாகக் கேளுங்கள். பெரட்டுக்கு வந்து சேரவே அரை மணி நேரம் ஆகும். அவசரப்படுத்தாதீர்கள். முடித்ததும் அவருக்கு முதலில் போட்டுக் காட்டுங்கள்.

அம்மாவோடு அடுத்த நிரையில் மரம் வெட்டிய ஓர் அத்தை இப்போது பாலிங்கில் மகன் வீட்டில் இருக்கிறார். அடுத்த மாதம் போகிறோம். என்ன புடவை கட்டுவது என்று இரண்டு பேரும் தொலைபேசியில் பேசத் தொடங்கிவிட்டார்கள்.